விருதுக்குப் பணம் கட்டிக்கொண்டிருந்த மூன்று ஆண்டுகள்

கடந்த மாதம், எங்கள் பள்ளிக்கு மாறுதலாகி வந்த ஓர் இளம் ஆசிரியை மதிய இடைவேளையில் என் அருகில் வந்து அமர்ந்து, "அக்கா, ஓர் ஆறாயிரம் ரூபாய் கிடைக்குமா? சம்பளம் வந்ததும் தந்துவிடுகிறேன்" என்று கேட்டார். எதற்கு என்று கேட்டபோது கைபேசியை நீட்டினார். தன்னலமற்ற கல்விச் சேவையைப் பாராட்டி அவர் ஒரு விருதுக்குத் தேர்வு செய்யப்பட்டிருப்பதாகவும், விழா மலர், நினைவுக் கேடயம், மதிய உணவு ஆகியவற்றுக்கான பங்களிப்பாக ஆறாயிரம் ரூபாயை மூன்று நாட்களுக்குள் அனுப்பி இடத்தை உறுதி செய்துகொள்ள வேண்டும் என்றும் அதில் எழுதியிருந்தது. அந்த வரிகளை அவர் காட்டுவதற்கு முன்பே என்னால் ஒப்பித்திருக்க முடியும். பணம் வேண்டாம், போகவும் வேண்டாம் என்று சொன்னேன். நான் பொறாமையில் சொல்கிறேன் என்று அவர் நினைத்தது முகத்திலேயே தெரிந்தது. வேறு ஒருவரிடம் கடன் வாங்கிச் சென்று விருதைப் பெற்று வந்துவிட்டார். அன்று அவரிடம் நான் முழுவதையும் சொல்லவில்லை. மணி அடித்துவிட்டது என்பது ஒரு காரணம். சொல்ல வெட்கமாக இருந்தது என்பதே உண்மையான காரணம். அந்த வெட்கத்தை ஒதுக்கி வைத்துவிட்டு, எனக்கு நேர்ந்ததை வரிசையாக இங்கே எழுதுகிறேன்.

நான் திண்டுக்கல் மாவட்டத்தில் ஓர் ஊராட்சி ஒன்றிய நடுநிலைப் பள்ளியில் இடைநிலை ஆசிரியையாக இருக்கிறேன். 2005ஆம் ஆண்டு பணியில் சேர்ந்தேன். பெரும்பாலும் ஒன்று முதல் மூன்றாம் வகுப்பு வரையுள்ள பிள்ளைகளுக்குத்தான் பாடம் எடுத்து வருகிறேன். 2019 செப்டம்பரில், ஆசிரியர் பயிற்சி நிறுவனத்தில் என்னோடு ஒரே அறையில் தங்கிப் படித்த தோழிக்கு மாநில அரசின் டாக்டர் இராதாகிருஷ்ணன் விருது கிடைத்தது. எங்கள் ஒன்றிய ஆசிரியர்கள் எடுத்த பாராட்டு விழாவில் அவருக்குப் பொன்னாடை போர்த்தும் பொறுப்பு எனக்கு வந்தது. அவர் தகுதியானவர் என்பதில் எனக்கு எள்ளளவும் ஐயம் இருந்ததில்லை. ஆனாலும் பொன்னாடையைப் போர்த்திவிட்டுக் கீழே வந்து அமர்ந்த பிறகு எல்லோரும் கை தட்டியபோது என் கைகள் எழவில்லை. அன்று இரவு உறக்கம் வரவில்லை. 14 ஆண்டுகளில் எத்தனை பிள்ளைகளுக்கு எழுத்துக் கூட்டக் கற்றுக் கொடுத்திருக்கிறேன், பள்ளிக் கழிப்பறைக்குத் தண்ணீர் வருவதற்காக எத்தனை முறை ஊராட்சி அலுவலகத்திற்கு நடந்திருக்கிறேன், ஒரு தலைமையாசிரியராவது நன்றாகச் செய்தீர்கள் என்று சொன்னாரா என்று மனம் கணக்குப் போட்டுக்கொண்டே இருந்தது. என் கணவர் மோட்டார் ரீவைண்டிங் கடை வைத்திருக்கிறார். நல்ல மனிதர். ஆனால் பாராட்டிப் பேசிப் பழக்கம் இல்லாதவர். சோறு நன்றாக இருந்தால் இன்னொரு முறை வாங்கிச் சாப்பிடுவாரே தவிர, நன்றாக இருக்கிறது என்று சொல்ல மாட்டார். பின்னால் வந்த எல்லாவற்றுக்கும் விதை அந்த ஒரு இரவில்தான் விழுந்தது என்று இப்போது தெரிகிறது. அந்த ஏக்கத்தை அன்றே யாரிடமாவது வாய் திறந்து சொல்லியிருந்தால், அதற்கு விலை வைத்து விற்பவர்கள் கையில் நான் சிக்கியிருக்க மாட்டேன்.

2020 மார்ச்சில் பொதுமுடக்கம் வந்தது. பள்ளிகள் மூடப்பட்டன. ஒன்று முதல் எட்டு வரையான வகுப்புகள் மீண்டும் திறக்க 2021 நவம்பர் ஆகிவிட்டது. அந்த இடைவெளியில் வாட்ஸ்அப் கவிதைக் குழுக்கள் ஈசல் போலப் புறப்பட்டன. கல்லூரி நாட்களில் எழுதியதோடு விட்டிருந்த நான் மீண்டும் எழுதத் தொடங்கினேன். காலையில் தலைப்புக் கொடுப்பார்கள், மாலைக்குள் பன்னிரண்டு வரிகள் எழுதி அனுப்ப வேண்டும், இரவு ஒன்பது மணிக்கு என் புகைப்படம் பதித்த மின்சான்றிதழ் வரும். எழுதிய எல்லோருக்கும் அதே சான்றிதழ்தான் என்பது தெரிந்தும், அந்த ஒன்பது மணிக்காக நான் காத்திருக்கத் தொடங்கினேன். ஒரு குழுவில் ‘கவிச்சுடர்’ என்று பட்டம் கொடுத்தார்கள். அதுவரை இலவசம். அடுத்த கட்டம் தொகுப்பு நூல். நூறு கவிஞர்களின் கவிதைகள், ஆளுக்கு இரண்டு பக்கம், பங்களிப்புத் தொகை ஆளுக்கு 800 ரூபாய். நூல் வந்தபோது என் கவிதையில் மூன்று எழுத்துப் பிழைகள் இருந்தன. நூறு பேரும் அவரவர் பக்கத்தை மட்டும் படம் எடுத்துப் பகிர்ந்தோம். இன்னொருவருடைய கவிதையை நான் படிக்கவில்லை, என்னுடையதை அவர்கள் படித்திருக்கவும் வாய்ப்பில்லை. எழுத வேண்டும் என்ற விருப்பத்தில் இந்தக் குழுக்களில் இருப்பவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். உங்கள் கவிதையைத் திருத்தச் சொல்லி, ஒரு வரியையாவது நீக்கச் சொல்லி யாரும் கேட்காத இடத்தில் உங்கள் எழுத்து வளராது. நான் ஓர் ஆண்டில் முந்நூறுக்கும் மேல் எழுதினேன். முதல் கவிதைக்கும் கடைசிக் கவிதைக்கும் எந்த வேறுபாடும் இல்லை.

முதல் விருது 2021 டிசம்பரில் மதுரையில் ஒரு திருமண மண்டபத்தில் கிடைத்தது. கட்டணம் 3,500 ரூபாய். காலை ஒன்பது மணிக்கு வரச் சொல்லியிருந்தார்கள். சின்னத்திரைக் கலைஞர் ஒருவர் தலைமை விருந்தினர். அவர் வந்து சேரப் பன்னிரண்டரை ஆயிற்று. அதுவரை விருதாளர்கள் நூற்று நாற்பது பேரும், உடன் வந்தவர்களும், பசியோடு ஒருவரையொருவர் பார்த்தபடி அமர்ந்திருந்தோம். சித்த மருத்துவர், யோகா ஆசிரியர், அழகு நிலையம் நடத்துபவர், சிலம்பம் கற்றுத் தருபவர், நாய்களுக்கு உணவு வைப்பவர் என்று எல்லோருக்கும் விருது. பெயர் வாசிக்கப்பட்டவுடன் வலப்புறப் படியில் ஏற வேண்டும், கேடயத்தைப் பிடிக்க வேண்டும், எதிரே இருக்கும் கேமராவைப் பார்க்க வேண்டும், இடப்புறமாக இறங்க வேண்டும். என் முறை வந்தபோது என் பெயரையும் எனக்கு முன்னால் சென்றவரின் பணியையும் சேர்த்து வாசித்து, என்னைச் சிறந்த அழகுக்கலை நிபுணர் என்று அறிவித்தார்கள். திருத்தச் சொல்ல நேரமில்லை. மேடையில் நான் நின்றது இருபது நொடிகள் இருக்கலாம். ஆனால் வீட்டுக்கு வரும் பேருந்தில் அந்தப் புகைப்படத்தை முகநூலில் போட்டதும் வந்து குவிந்த வாழ்த்துகள், உண்மையைச் சொல்கிறேன், எனக்கு வயிறு நிறைந்தது போல இருந்தது. திண்டுக்கல் வந்து சேரும் வரை தலை நிமிரவில்லை.

இந்த வியாபாரம் நடக்கும் முறையைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனெனில் அடுத்தடுத்து பதினொரு விருதுகள் வாங்கிய பிறகே எனக்கு இது முழுவதும் விளங்கியது. நீங்கள் விண்ணப்பிக்காமலே உங்களைத் தேர்ந்தெடுத்ததாகச் செய்தி வரும். உங்கள் எண் அவர்களுக்குக் கவிதைக் குழுக்களிலிருந்தோ, சென்ற விழாவின் பதிவுத் தாளிலிருந்தோ கிடைத்திருக்கும். தேர்வுக் குழுவில் யார் இருக்கிறார்கள், எத்தனை பேர் பரிசீலிக்கப்பட்டார்கள் என்று கேட்டால் பதில் வராது. பணம் என்ற சொல்லை முதல் அழைப்பில் பயன்படுத்த மாட்டார்கள். இரண்டாவது அழைப்பில் ‘பங்களிப்பு’ என்று வரும். தொகைக்குத் தகுந்தபடி கேடயத்தின் உயரமும், மேடையில் அமரும் இடமும் மாறும். தலைமை விருந்தினர் பக்கத்தில் நின்று படம் எடுக்கத் தனித் தொகை. படத்தின் நகல் வாங்கத் தனித் தொகை. இன்னும் ஐந்து பேரைச் சேர்த்துவிட்டால் உங்களுக்குக் கட்டணம் இல்லை என்பார்கள், நானும் இரண்டு பேரைச் சேர்த்துவிட்டிருக்கிறேன். அவர்களிடம் பின்னர் மன்னிப்புக் கேட்டேன். ஒருவர் இன்னும் என்னோடு பேசுவதில்லை. இப்படி ஒரு செய்தி உங்களுக்கு வந்தால், பணம் அனுப்புவதற்கு முன்பு ஒரே ஒரு காரியம் செய்யுங்கள். என்னால் பணம் கட்ட இயலாது, ஆனால் விருதை ஏற்றுக்கொள்ள மகிழ்ச்சியோடு வருகிறேன் என்று பதில் அனுப்புங்கள். உண்மையாகவே உங்களைத் தேர்ந்தெடுத்தவர்கள் வாருங்கள் என்பார்கள். மற்றவர்களிடமிருந்து அதற்குப் பிறகு அழைப்பே வராது.

என் தோழி பெற்ற மாநில விருதுக்கு அவர் ஒரு ரூபாய்கூடக் கட்டவில்லை. மாவட்டத்தில் பரிசீலித்து மாநில அளவில் தேர்வு செய்து, 10,000 ரூபாயும் வெள்ளிப் பதக்கமும் பாராட்டுச் சான்றிதழும் அரசு அவருக்குக் கொடுத்தது. தேசிய நல்லாசிரியர் விருதுக்கு 2018 முதல் ஆசிரியர்கள் தாங்களே இணையத்தில் விண்ணப்பிக்கலாம். அதற்கும் கட்டணம் கிடையாது, தேர்வானால் 50,000 ரூபாயும் வெள்ளிப் பதக்கமும் தருகிறார்கள். பத்ம விருதுகளுக்கு எந்தக் குடிமகனும் தனக்குத் தெரிந்த ஒருவரை இணையத்தில் இலவசமாகப் பரிந்துரைக்கலாம். இவையெல்லாம் எனக்கு அப்போதே தெரியும். விண்ணப்பித்து, கிடைக்காமல் போனால் என்ன செய்வது என்ற அச்சத்தில் நான் ஒரு முறைகூட விண்ணப்பிக்கவில்லை. பணம் கட்டும் இடத்தில் நிராகரிப்பு இல்லை. நான் அங்கே திரும்பத் திரும்பச் சென்றதற்கு அதுவே காரணம்.

2022ஆம் ஆண்டு முழுவதும் இதில் கழிந்தது. ஒரு விருதின் மகிழ்ச்சி முதலில் ஒரு வாரம் இருந்தது, பிறகு இரண்டு நாள், பிறகு படத்தைப் பதிவேற்றும் நேரம் மட்டும். யார் வாழ்த்துச் சொல்லவில்லை என்று பட்டியல் போட்டுப் பார்க்கத் தொடங்கினேன். என் சொந்த அண்ணி வாழ்த்தவில்லை என்பதற்காக அவர்கள் வீட்டுக் காதணி விழாவிற்குப் போகாமல் இருந்தேன். அதே குழுவில் இருந்த வேறொரு ஆசிரியை ‘உலக சாதனை’ச் சான்றிதழ் வாங்கியதும், நானும் ஒன்று வாங்கினேன். ஆயிரம் பேர் ஒரே நேரத்தில் அவரவர் வீட்டிலிருந்து மரத்தைப் பற்றிக் கவிதை எழுதியது சாதனையாம். 2,400 ரூபாய் கட்டி, ஆயிரம் பேரில் ஒருத்தியாகச் சான்றிதழும் பதக்கமும் பெற்றேன். அதைப் போல இன்னும் இரண்டு. மாதத்தில் இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள் ஏதாவது ஒரு மண்டபத்தில் இருந்தேன். அப்போது பத்தாம் வகுப்பில் இருந்த என் மகள் பொதுத்தேர்வுக்குத் தனியாகவே படித்தாள்.

இத்தனையிலும் என்னை இன்று வரை உறுத்திக்கொண்டிருப்பது ஒரு பையனைப் பற்றியது. 2022இல் எண்ணும் எழுத்தும் திட்டம் வந்த ஆண்டு அது. மூன்றாம் வகுப்பில் இருந்த அந்தப் பையன் எழுத்துகளைத் தனித்தனியாகச் சொல்வான், சேர்த்து வாசிக்க வராது. பயிற்சி நூலில் பிள்ளைகளை அரும்பு, மொட்டு, மலர் என்று மூன்று நிலைகளாகப் பிரித்திருப்பார்கள். அவன் ஐந்து மாதங்களாக அரும்பிலேயே இருந்தான். அவனுடைய தாத்தா ஆடு மேய்ப்பவர், தாயும் தந்தையும் திருப்பூரில் பனியன் கம்பெனியில் வேலை செய்தார்கள். நவம்பரில் ஒரு நாள் மதியம், மற்றப் பிள்ளைகள் தட்டுக் கழுவப் போயிருந்த நேரத்தில், அவன் தரையில் அமர்ந்து என்னுடைய வாசிப்பு அட்டையை மடியில் வைத்துக்கொண்டு, சுட்டுவிரலை எழுத்துக்கு எழுத்து நகர்த்தி, "ஆ-டு இ-லை தின்-றது" என்று வாசித்தான். ஒரு நொடி நிறுத்தி, அதையே சேர்த்து, "ஆடு இலை தின்றது" என்று சொல்லிவிட்டு நிமிர்ந்து என்னைப் பார்த்தான். அவன் வாயில் பருப்புச் சோறு ஒட்டியிருந்தது. ஓர் ஆசிரியை அந்தப் பார்வைக்காகத்தான் பணிக்கு வருகிறாள். நான் செய்தது என்ன தெரியுமா? "இரு இரு, அப்படியே இரு" என்று சொல்லிவிட்டுக் கைப்பையிலிருந்து கைபேசியை எடுக்க ஓடினேன். அவன் வாயைத் துடைத்துவிட்டு, வெளிச்சம் விழும்படி ஜன்னல் பக்கம் உட்கார வைத்து, மறுபடி வாசி என்றேன். அவனுக்கு வரவில்லை. மூன்று முறை கேட்டேன். நான்காவது முறை என் குரல் உயர்ந்துவிட்டது. "வரமாட்டேங்குது டீச்சர்" என்று சொல்லி அழுதான். அதற்குப் பிறகு பல வாரங்கள், நான் அருகில் சென்றால் அட்டையைக் கவிழ்த்து வைத்துவிடுவான்.

அந்த வாரமே நான் நிறுத்தியிருக்க வேண்டும். நிறுத்தவில்லை. 2023 பிப்ரவரியில், சென்னை அண்ணா பல்கலைக்கழக வளாகத்தில் ஒரு தனியார் அமைப்பு நடத்திய விழாவில் திரைத்துறைப் பிரபலங்கள் உட்படப் பலருக்குப் போலியாக மதிப்புறு முனைவர் பட்டம் வழங்கப்பட்டதும், பல்கலைக்கழகமே அதுபற்றிக் காவல்துறையில் புகார் கொடுத்ததும் எல்லாச் செய்தித்தாள்களிலும் வந்தன. பெரிய பெரிய கலைஞர்களையே ஏமாற்றியிருக்கிறார்கள் என்று ஓய்வறையில் நானும் சேர்ந்து பேசினேன். அடுத்த மூன்றாவது மாதத்தில் எனக்கு ஓர் அழைப்பு வந்தது. வெளிநாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்று கல்விப் பணிக்காக எனக்கு மதிப்புறு முனைவர் பட்டம் வழங்க விரும்புகிறது, இந்தியாவில் தாங்கள் அதன் பிரதிநிதி என்றார்கள். ‘நன்கொடை’ 75,000 ரூபாய். ஆசிரியை என்பதால் எனக்கு மட்டும் 55,000 ரூபாய். செய்தித்தாளில் வந்தது போலி, இது வெளிநாடு, இது வேறு என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். ஆசை கண்ணை மறைக்கும் என்று பிள்ளைகளுக்குக் கதை சொல்லியிருக்கிறேன். ஆனால் கண் நன்றாகவே தெரிந்தது. பார்க்க வேண்டாம் என்று நானே முடிவு செய்துகொண்டேன்.

அதற்கு முன்பே, வீட்டுச் சுவர்ப் பூச்சு வேலைக்கு என்று கணவரிடம் சொல்லி, ஆசிரியர் கூட்டுறவு சிக்கன நாணயச் சங்கத்தில் எடுத்த ஒரு லட்ச ரூபாயில் பெரும்பகுதி கரைந்திருந்தது. இந்த முறை, என் தாய் எனக்குக் கல்யாணத்தில் போட்ட மூன்று சவரன் சங்கிலியை வங்கியில் 80,000 ரூபாய்க்கு அடகு வைத்தேன். கண்ணி அறுந்துவிட்டது, பட்டறையில் கொடுத்திருக்கிறேன் என்று கணவரிடம் சொன்னேன். அவர் மறு கேள்வி கேட்கவில்லை. ஜூலையில் புதுச்சேரியில் ஒரு விடுதியின் கூட்ட அறையில் விழா. கறுப்பு அங்கிக்கும் தொப்பிக்கும் வாடகை 2,000 ரூபாய். அங்கியின் ஜிப் பாதியில் நின்றுவிட்டதால் பின்னால் ஊக்கு குத்திவிட்டார்கள். எனக்கு முன்னால் அணிந்தவரின் வியர்வை ஈரம் கழுத்துப் பட்டையில் இருந்தது. படம் எடுத்து முடித்ததும், அடுத்தவருக்கு வேண்டும், சீக்கிரம் கழற்றுங்கள் என்றார் ஓர் இளைஞர். பட்டச் சான்றிதழில் பல்கலைக்கழகத்தின் பெயருக்கு அடியில் ஒரு நாட்டின் பெயர் இருந்தது, ஊரின் பெயர் இல்லை.

சட்டம் இதில் மிகத் தெளிவாக இருக்கிறது. பல்கலைக்கழக மானியக் குழுச் சட்டம், 1956இன் 22ஆம் பிரிவின்படி, நாடாளுமன்றமோ மாநில சட்டமன்றமோ இயற்றிய சட்டத்தால் அமைந்த பல்கலைக்கழகங்களும், நிகர்நிலைப் பல்கலைக்கழகங்களும், நாடாளுமன்றம் தனியே அதிகாரம் அளித்த நிறுவனங்களும் மட்டுமே இந்தியாவில் பட்டம் வழங்கலாம். விடுதி அறையில் வேறு யார் வழங்கினாலும் அது பட்டம் ஆகாது. இதை மீறினால் 24ஆம் பிரிவின்படி அபராதம் எவ்வளவு என்று தேடிப் பார்த்தபோது திகைத்துப் போனேன். அதிகபட்சம் 1,000 ரூபாய். என்னிடம் வாங்கிய அங்கி வாடகையில் பாதி. போலிப் பல்கலைக்கழகங்களின் பட்டியலை மானியக் குழு தன் இணையதளத்தில் வெளியிட்டு வருகிறது, ஆனால் பெயர் அந்தப் பட்டியலில் இல்லை என்பதாலேயே ஒரு நிறுவனம் உண்மையானது ஆகிவிடாது. அங்கீகரிக்கப்பட்ட பல்கலைக்கழகங்களின் பட்டியலில் பெயர் இருக்கிறதா என்பதைத்தான் பார்க்க வேண்டும். பெயருக்கு முன்னால் பட்டம் போட்டுக்கொள்வதைப் பற்றியும் நான் பின்னர்தான் படித்தேன். அரசமைப்புச் சட்டத்தின் 18ஆம் பிரிவு, படைத்துறை, கல்விச் சிறப்புகள் தவிர மற்றப் பட்டப் பெயர்களை ஒழித்திருக்கிறது. பாரத ரத்னா, பத்ம விருதுகளைக்கூடப் பெயருக்கு முன்னாலோ பின்னாலோ போட்டுக்கொள்ளக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1995இல் தீர்ப்பளித்திருக்கிறது. நான் ‘கவிச்சுடர் முனைவர்’ என்று வீட்டு வாசலில் பலகை வைத்திருந்தேன்.

அந்த ஆண்டு பள்ளி விழா அழைப்பிதழில் என் பெயருக்கு முன்னால் முனைவர் என்று அச்சிடச் சொன்னது நான்தான். யாரோ அதைப் படம் எடுத்து மனுவாக அனுப்பிவிட்டார்கள். வட்டாரக் கல்வி அலுவலரிடமிருந்து விளக்கம் கேட்டுக் கடிதம் வந்தது. எந்தப் பல்கலைக்கழகம், பட்டத்தின் ஏற்பு என்ன, அரசுப் பணியாளர் நடத்தை விதிகளின்படி தனியார் அமைப்புகளின் பாராட்டுகளை ஏற்க முன் அனுமதி பெறப்பட்டதா என்று மூன்று கேள்விகள். மூன்றுக்கும் என்னிடம் பதில் இல்லை. ஒழுங்கு நடவடிக்கையின் தொடக்கமான 17(அ) குற்றச்சாட்டுக் குறிப்பாணை வரும் என்று ஓய்வறையில் பேசிக்கொண்டார்கள். பத்து நாட்கள் சோறு இறங்கவில்லை. பட்டத்தைப் பயன்படுத்த மாட்டேன், அறியாமல் செய்த பிழையைப் பொறுத்தருள வேண்டும் என்று எழுதிக் கொடுத்தேன். எழுத்து மூலமான எச்சரிக்கையோடு விட்டுவிட்டார்கள். அறியாமல் என்று எழுதியது பொய். பணம் வாங்கியவர்களை அழைத்தபோது எண் உபயோகத்தில் இல்லை. தெரிந்த வழக்கறிஞர் ஒருவரிடம் கேட்டேன். நீங்களே நன்கொடை என்று எழுதிக் கையொப்பமிட்டிருக்கிறீர்கள், பணத்தைத் திரும்பப் பெறுவது கடினம் என்றார். ஆகவே அரசுப் பணியில் இருப்பவர்கள், எந்தத் தனியார் விருதானாலும் அழைப்புக் கடிதத்தை இணைத்து எழுத்து மூலம் அனுமதி கேளுங்கள். அனுமதி கேட்க உங்களுக்குக் கூச்சமாக இருந்தால் அந்த விருது எப்படிப்பட்டது என்பது உங்களுக்கே தெரிந்திருக்கிறது என்று பொருள். நன்கொடை என்ற சொல் இருக்கும் எந்தத் தாளிலும் கையொப்பம் இடாதீர்கள்.

கடிதம் வந்த பத்தாம் நாள் இரவு கணவரிடம் சொன்னேன். அவர் கடைக் கணக்கு நோட்டை எடுத்து, ஒரு புதிய பக்கத்தைத் திருப்பி, சொல்லு, எழுதுகிறேன் என்றார். தொகுப்பு நூல்கள் ஒன்பதுக்கு 9,400 ரூபாய். விருதுகள் பதினொன்றுக்கு 48,500. சாதனைச் சான்றிதழ்கள் மூன்றுக்கு 7,200. பேருந்து, அறை வாடகை, விழாவுக்கு விழா புதுப் புடவை என்று 61,000. பேனர், புகைப்படம், வீடியோவுக்கு 22,400. பட்டத்திற்கும் அங்கிக்கும் 57,000. இரண்டு கடன்களுக்குமான வட்டி 31,000. கூட்டினால் 2,36,500 ரூபாய். அவர் நோட்டை மூடிவிட்டு வெகு நேரம் பேசவில்லை. பிறகு, "என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருந்தா நான் சொல்லியிருப்பேனேம்மா, நீ நல்ல டீச்சருன்னு" என்றார். பதினெட்டு ஆண்டுகளில் அவர் அதைச் சொன்னது அதுவே முதல் முறை. எனக்குக் கோபமும் அழுகையும் ஒன்றாக வந்தன. ஏன் கேட்க வேண்டும், கேட்காமல் ஏன் சொல்லவில்லை என்று நான் சத்தமாகவே கேட்டேன். அந்தக் கேள்வி எனக்கு இப்போதும் நியாயமாகவே படுகிறது. உங்கள் வீட்டில் யாராவது மின்சான்றிதழ்களைச் சேர்த்துக்கொண்டிருந்தால், அவர்களைக் கேலி செய்வதற்கு முன்பு, அவர்கள் செய்யும் வேலையில் ஒன்றையாவது பெயர் சொல்லிப் பாராட்டியிருக்கிறீர்களா என்று யோசித்துப் பாருங்கள்.

கேடயங்களைப் பரணில் ஏற்றினோம். 2024 கோடையில் பரணைச் சுத்தம் செய்தபோது, மதுரையில் வாங்கிய முதல் கேடயத்தில் என் பெயர் ஒட்டியிருந்த தாள் வெப்பத்தில் ஓரம் சுருண்டிருந்தது. நகத்தால் இழுத்தபோது முழுவதும் உரிந்து வந்தது. அடியில் வேறொருவரின் பெயரும், ‘சிறந்த சமூக சேவகர் 2019’ என்ற எழுத்துகளும் இருந்தன. அவர் வராமல் போனாரா, பணம் கட்டாமல் விட்டாரா என்று தெரியவில்லை. அந்தக் கேடயத்தை மட்டும் மேசையில் வைத்திருக்கிறேன். மற்றவற்றைப் பழைய இரும்புக் கடைக்காரர் எடுத்துக்கொள்ள மறுத்துவிட்டார், எல்லாம் பிளாஸ்டிக்கும் அட்டையும்.

சங்கிலியை 2025 தொடக்கத்தில் மீட்டோம். சங்கக் கடனுக்கு இன்னும் பதினான்கு தவணைகள் இருக்கின்றன. புகழ் ஆசை போய்விட்டதா என்றால், இல்லை. விருதுச் செய்தி வந்தால் இப்போதும் முழுவதையும் படித்துவிட்டுத்தான் அழிக்கிறேன், ஆகவே குழுக்களில் இருந்து வெளியேறி எண்ணை மாற்றினேன். தேசிய விருதுக்கு ஒரு முறை விண்ணப்பித்தேன், மாவட்ட அளவிலேயே நின்றுவிட்டது, இரண்டு நாள் வருத்தமாக இருந்தது, பிறகு சரியாகிவிட்டது. தோழியை ஒரு நாள் அழைத்து, அன்று உனக்கு நான் கை தட்டவில்லை என்று சொன்னேன். தெரியும், மேடையிலிருந்து பார்த்தேன் என்றாள். எங்கள் ஒன்றியத்தில் நாங்கள் ஆறு ஆசிரியைகள் மாதம் ஒரு சனிக்கிழமை கூடி, அந்த மாதம் வகுப்பில் கைகூடிய ஒன்றையும் கைகூடாத ஒன்றையும் சொல்லிக்கொள்கிறோம். படம் எடுப்பதில்லை. எனக்கு அது போதுமானதாக இருக்கிறது, சில மாதங்களில் போதவில்லை.

அந்தப் பையன் இப்போது எங்கள் பள்ளியிலேயே ஆறாம் வகுப்பில் இருக்கிறான். நான் அழ வைத்த பிறகு அவனை மீண்டும் வாசிக்க வைத்தவர் அடுத்த ஆண்டு நான்காம் வகுப்பு எடுத்த ஆசிரியர். வியாழக்கிழமைகளில் காலை வணக்கக் கூட்டத்தில் செய்தி வாசிக்கும் முறை அவனுடையது. முன்னால் வந்து நின்று, தாளைப் பிரித்து, தொடங்குவதற்கு முன்பு ஆசிரியர்கள் வரிசையில் என்னைத் தேடி, என் கைகளை ஒரு முறை பார்க்கிறான். கைபேசியை வகுப்பறை அலமாரியில் பூட்டிவிட்டுத்தான் வியாழக்கிழமைகளில் நான் கூட்டத்திற்கு வருகிறேன்.